சலோமி டீச்சரின் சிங்களம்

சலோமி டீச்சர் உண்மையில் டீச்சர் இல்லை. கல்லுப்பாலத் தோட்டத்துப் பிள்ளைக் காம்பராவில் கைக்குழந்தைகளைப் பார்த்துக்கொள்கிறவள். தாய்மார் கொழுந்து பறிக்க மலைக்குப் போனதும் பால் கரைப்பது, மூக்கைத் துடைத்துவிடுவது, அழுகிறதைத் தொட்டிலில் போட்டு ஆட்டுவது, இதுதான் வேலை. ஆனாலும் தோட்டத்தில் அவளை டீச்சர் என்று கூப்பிடாத ஆள் கிடையாது. அந்தப் பட்டத்தை அவளுக்கு வாங்கிக் கொடுத்தது அவளுடைய சிங்களம்.

கலவானைப் பக்கத்துத் தோட்டங்களில் எல்லோருக்கும் ஓரளவு சிங்களம் தெரியும். கருவாடு வாங்க, பஸ்ஸில் சண்டை போட, சந்தையில் பேரம் பேச அது போதும். ஆனால் ஒரு மேசைக்குப் பின்னால் கண்ணாடி போட்ட ஆள் ஒருவர் உட்கார்ந்துவிட்டால் அந்தச் சிங்களம் காதிலும் ஏறாது, தொண்டையிலேயே நின்றுவிடும். சலோமிக்கு அப்படி இல்லை. பக்கத்தில் தமிழ்ப் பள்ளிக்கூடம் இல்லாததால் அவளுடைய அப்பா அவளைச் சிங்களப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தார். சாதாரண தரப் பரீட்சை வரைக்கும் அங்கேயே படித்தாள். அதனால் ஆஸ்பத்திரிக்குச் சலோமி, பொலிசுக்குச் சலோமி, அடையாள அட்டை எடுக்கவும் சலோமி. யாரிடமும் ஒரு பிளேன்டீகூட வாங்கிக் குடிக்கமாட்டாள். கேட்டால், "இது என்னோட ஊழியம்" என்பாள். கிறிஸ்தவக் குடும்பங்கள் அந்தத் தோட்டத்தில் கைவிரலில் எண்ணக்கூடியவை. சரிவில் இருக்கிற சின்னத் தேவாலயத்தில் முன் வாங்கில் உட்காருகிறவள் அவள்.

அவள் மொழிபெயர்க்கிற விதம் ஒன்று இருந்தது. அதைச் சொல்லாமல் அவளைப் பற்றிச் சொல்ல முடியாது.

ஒருமுறை மதுசன் என்ற இளந்தாரி தன் சைக்கிள் தொலைந்துபோய், அவளைக் கூட்டிக்கொண்டு பொலிசுக்குப் போனான். போன வேகத்தில், "திருடனுக்கும் இவனுங்களுக்கும் ஒரு வித்தியாசமும் இல்ல, டீச்சர். அப்பிடியே சொல்லுங்க" என்று கத்தினான். சலோமி சிங்களத்தில் சொன்னாள்: "இந்தத் தம்பிக்கு மனவருத்தம், மாத்தயா. உங்களைத்தான் நம்பி வந்திருக்கிறான்." பொலிஸ்காரர் தோட்டத்துப் பயல்களைப் பற்றி ஏதோ அசிங்கமாகச் சொன்னார். சலோமி மதுசனிடம் திரும்பினாள். "கொஞ்சம் பொறுமையா இருப்பா, பாக்குறோம்னு சொல்றாரு." இரண்டு பேரும் கைகொடுத்துக்கொண்டு பிரிந்தார்கள். சைக்கிள் கிடைக்கவில்லை, அது வேறு கதை.

சும்மா சொல்லக்கூடாது, அவளால் தோட்டத்தில் அடிதடி குறைந்தது. அவள் கூடப்போய் யாரும் உள்ளே தள்ளப்பட்டதில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை பாஸ்டர், சமாதானம் பண்ணுகிறவர்களைப் பற்றிப் பிரசங்கம் செய்தபோது, "அப்பிடி ஒருத்தர் இங்கயே முன்னுக்கு உக்காந்திருக்காங்க" என்றார். சலோமி தலையைக் குனிந்துகொண்டாள். அன்றைக்கு முழுக்க அவளுக்குக் கால் தரையில் படவில்லை.

பிறகு அந்த மழை வந்தது. கீழ் லயத்து வீட்டு வரிசைக்குப் பின்னால் மலை சரியலாம் என்று சொல்லி அந்த லயத்துக் குடும்பங்களைக் கிளப்பினார்கள். போக்கிடம் இல்லாமல் நின்றவர்களுக்குத் தேவாலய மண்டபத்தைத் திறந்துவிட்டவள் சலோமி. சாவியை வாங்கி, பாய் விரித்து, பெரிய சட்டியில் சோறு வைத்து எல்லாம் அவள்தான் செய்தாள். வந்தவர்கள் எல்லோரும் மாரியம்மனைக் கும்பிடுகிறவர்கள். அதை அவள் ஒரு பேச்சாகவே எடுக்கவில்லை.

மழை விட்டதும் மேலிடத்திலிருந்து ஓர் அதிகாரி வந்தார். தோட்டத்தை நடத்துகிற தொரையும் கூட வந்தார். இருவரும் சிங்களவர்கள். லயத்து மனிதர்கள் திரும்பிப் போகச் சம்மதமா என்று கேட்டறியத்தான் அதிகாரி வந்திருந்தார். கொழுந்து முற்றிக்கொண்டிருக்கிறது, லயத்துக்கு ஆபத்தில்லை என்பது தொரையின் பேச்சு. அதிகாரி நல்ல மனிதர்தான். "அவர்கள் வாயால் கேட்கிறேன்" என்றார்.

சின்னம்மா எழுந்தாள். கீழ் லயத்துக் கடைசிக் காம்பராதான் அவளுடைய வீடு. கொழுந்து மலையில் முதல் ஆளாக நிற்கிறவள், பேசினாலும் அப்படித்தான்.

"எங்கள அங்க அனுப்புறதுன்னா அதே லொறியில சவப்பெட்டியையும் ஏத்தி அனுப்பச் சொல்லுங்க டீச்சர். எங்க காம்பராவுக்குப் பின்னுக்கு மண்ணு வெடிச்சு, அதுக்குள்ள என் கை முழுசாப் போகுது. வேணும்னா இந்தத் தொர ஒரு ராத்திரி அங்க படுத்துப் பாக்கட்டும். அப்பறம் நாங்க போறோம்."

மண்டபத்தில் சிரிப்பு எழும்பியது. தொரைக்கு அவ்வளவு தமிழ் புரியாது, சிரிப்புப் புரிந்தது. அவருடைய முகம் கறுத்ததைச் சலோமி பார்த்தாள். இந்த மண்டபத்துக் கூரைத் தகரம் அவர் கொடுத்தது என்பதும் அவளுக்கு ஞாபகம் வந்தது. சிங்களத்தில் மெதுவாகச் சொன்னாள்: "இந்த அக்காவுக்குக் கொஞ்சம் பயமாக இருக்கிறது, மாத்தயா. இன்னும் சில நாள் தங்கிவிட்டுப் போகிறோம் என்கிறார்கள்."

"ஹரி, ஹரி", சரி சரி என்று அதிகாரி தலையாட்டினார். தொரையின் முகம் தெளிந்தது. சலோமிக்கும் மூச்சு வந்தது. கோபத்தை வடிகட்டப்போய், மண்ணிலிருந்த வெடிப்பையும் சேர்த்து வடிகட்டிவிட்டோம் என்று அப்போது அவளுக்கு உறைக்கவில்லை.

உறைத்தது ஒருவருக்குத்தான். சந்திக் கடை பாறூக் முதலாளி, தங்கியிருந்தவர்களுக்குச் சாப்பிடப் பாண் கொண்டுவந்து வாசலில் நின்றவர். அவருக்கு இரண்டு மொழியும் தண்ணீர் பட்ட பாடு. வெளியே வந்ததும், "டீச்சர், அவ காரமாச் சமைச்சத நீங்க இனிப்பு வட்டிலப்பமாக்கிக் குடுத்துட்டீங்களே" என்று சிரித்தார்.

"சண்ட வேணாமே, மொதலாளி."

"அதுவும் சரிதான்" என்றார் அவர். அப்புறம் சிரிக்காமல், "ஆனா அந்த வெடிப்பச் சொல்லியிருக்கலாம்" என்றார். சலோமி சட்டி கழுவப் போய்விட்டாள்.

அந்தச் சில நாளும் ஓடிப்போய், இனிப் போகலாம் என்று மேலிடத்திலிருந்து சொல்லியனுப்ப, குடும்பங்கள் லயத்துக்குத் திரும்பின. அடுத்த மழையில் மண் இறங்கிப் பின்சுவர் விழுந்தது. சின்னம்மாவும் மற்றவர்களும் வாசலில் இருந்தார்கள். சின்னம்மாவின் புருஷன் ஏழுமலை உள்ளே இருந்தான். உயிர்ச்சேதம் இல்லை, கடவுள் புண்ணியம் என்று எல்லோரும் சொல்லிக்கொண்டார்கள். இரத்தினபுரி ஆஸ்பத்திரியில் அவனுடைய வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள்.

டாக்டரிடம் பேசுவதற்கும் சலோமிதான் போனாள். வார்டுக்கு வெளியே வாங்கில் சின்னம்மா அவளுடைய கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். அழவில்லை. ஒரே ஒரு கேள்வி கேட்டாள்.

"டீச்சர், அன்னைக்கு நான் சொன்னத நீங்க அப்பிடியே சொன்னீங்கதானே? சொல்லியும் அனுப்புனாங்கதானே, பாவிங்க?"

"சொன்னேன்" என்றாள் சலோமி.

இத்தனை வருஷமாகத் தான் செய்தது பொய் என்று அவள் நினைத்ததே இல்லை. ஆளுக்கு ஆள் நல்லதாகச் சொன்னோம் என்றுதான் நினைத்திருந்தாள். இது அப்படி இல்லை. இது தன் தோலைக் காப்பாற்றச் சொன்ன சுத்தப் பொய். அதுவும் கையைப் பிடித்துக்கொண்டிருந்தவளிடம்.

திரும்பி வந்ததும் பாஸ்டரைப் போய்ப் பார்த்தாள். அவளைவிட வயதில் இளையவர், அவளை அக்கா என்றுதான் கூப்பிடுவார். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு எழுந்து கதவைச் சாத்தினார்.

"கெட்ட எண்ணத்துல செய்யலதானே, அக்கா. இப்ப போய் அதச் சொன்னா லயத்து ஆளுங்க உங்க மேல பாய்வாங்க. தொரையும் கோவிப்பாரு. நம்ம சபை ரொம்பச் சின்னது. ஆண்டவர்கிட்ட ஜெபத்துல சொல்லிடுங்க, அவரு மன்னிப்பாரு."

"ஆண்டவருக்குத் தமிழும் தெரியும், சிங்களமும் தெரியும், ஐயா" என்றாள் சலோமி. "நான் மாத்திச் சொன்னது அவருக்கு அன்னைக்கே தெரியும். தெரியாம இருக்குறது சின்னம்மாவுக்கும் அந்த மாத்தயாவுக்குந்தான்."

பாஸ்டர் மோசமான மனிதர் இல்லை, பயந்த மனிதர். இருவரும் சேர்ந்து ஜெபம் செய்தார்கள். சலோமி வீட்டுக்குப் போனாள். சொல்லிவிட வேண்டும் என்று நினைத்தாளே தவிர, யாரிடமும் சொல்லவில்லை. அதையும் மறைக்கக்கூடாது.

இரண்டாவது கூட்டமும் அதே மண்டபத்தில் நடந்தது. அதே அதிகாரி, அதே தொரை. கீழ் லயத்துக் குடும்பங்கள் மறுபடியும் பாயில். இந்த முறை பாறூக் முதலாளி வரவில்லை. மண்டபத்தில் இரண்டு பக்கப் பேச்சும் முழுதாகப் புரிந்தவள் சலோமி ஒருத்திதான்.

அதிகாரி ஆரம்பித்தார். "போன முறை இவர்களேதான் சில நாளில் திரும்பிப் போகிறோம் என்று சொன்னார்கள். இப்போது சுவரைத் திருத்திக் கொடுத்தால் போவார்களா என்று கேளுங்கள், மிஸ்."

"நாங்கள் யாரையும் பிடித்துத் தள்ளவில்லை" என்றார் தொரை. "அவர்கள் விருப்பப்படிதான் போனார்கள்."

முன்பாதியை விழுங்கிவிட்டு, சுவர் கட்டித் தந்தா போவீங்களா என்று மட்டும் கேட்டிருக்கலாம். வழக்கமான சலோமி அதைத்தான் செய்திருப்பாள். பக்கத்துக் கதிரையின் சாய்மானத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"போன தடவ நீங்களேதான் கொஞ்ச நாள்ல திரும்பிப் போறோம்னு சொன்னீங்களாம். உங்க விருப்பத்துலதான் போனீங்கன்னு தொர சொல்றாரு. இப்ப செவத்தக் கட்டித் தந்தா போவீங்களான்னு கேக்குறாங்க."

மண்டபம் கொதித்தது. எவன் சொன்னது, யாரு விருப்பம் என்று ஆளுக்கு ஒரு பக்கம் கத்தினார்கள். சின்னம்மா மட்டும் கத்தவில்லை. எழுந்து சலோமிக்கு முன்னால் வந்து நின்றாள்.

"நான் சவப்பெட்டி அனுப்பச் சொன்னேனே, டீச்சர். அத நீங்க சொல்லலயா?"

சலோமி கண்ணைத் தாழ்த்திக்கொண்டாள்.

"ஆஸ்பத்திரியில கேட்டேனே. சொன்னேன்னு சொன்னீங்களே!" சின்னம்மாவின் குரல் உடைந்தது. "பொய்க்காரி! உங்க சர்ச்சுல இதத்தான் படிச்சுக் குடுக்குறாங்களா? என் புருசன் காலு போனது இவ வாயாலன்னு சொல்லுங்க அந்த ஐயாவுக்கு. சொல்லுங்க! இதயும் மாத்திச் சொல்லுங்க, பாப்போம்!"

"மொகத கியன்னே, மிஸ்?" என்ன சொல்கிறாள் என்று அதிகாரி கேட்டார்.

முன் வாங்கும், பிரசங்கத்தில் வந்த பேரும், டீச்சர் என்ற பட்டமும் எல்லாம் சேர்ந்து சலோமியின் நினைவில் எழுந்தன. இந்த அக்கா துக்கத்தில் ஏதோ பேசுகிறார், மாத்தயா. அப்படி ஒரு வாக்கியம் நாக்கு நுனியில் தயாராகவே இருந்தது. அது எவ்வளவு சுலபமாக வந்து நிற்கிறது என்பதைக் கண்டு அவளுக்கே வெறுப்பாக இருந்தது.

சிங்களத்தில் சொன்னாள். மெதுவாக, ஒவ்வொரு சொல்லாக.

"'இந்த டீச்சர் பொய்க்காரி. நான் சொன்னதை உங்களிடம் சொல்லவில்லை. என் புருஷனுடைய கால் போனது இவள் வாயால்.' இந்த அக்கா இப்படிச் சொல்கிறார். அவர் சொல்வது உண்மை, மாத்தயா. சில நாளில் போகிறோம் என்று இவர்கள் யாரும் சொல்லவில்லை. அது நானாகச் சொன்னது." பிறகு சவப்பெட்டியைச் சொன்னாள். கை முழுதாகப் போகிற வெடிப்பைச் சொன்னாள். தொரை ஒரு ராத்திரி அந்தக் காம்பராவில் படுக்கட்டும் என்றதையும் விடவில்லை.

தொரை, "டீச்சர்!" என்றார்.

"வெடிப்பா?" என்றார் அதிகாரி. "வெடிப்பு இருந்ததென்று தெரிந்திருந்தால் நான் அனுப்பச் சம்மதித்திருக்க மாட்டேனே. யாரும் சொல்லவில்லையே!"

"இந்த அக்கா சொன்னார், மாத்தயா. நான்தான் சொல்லவில்லை."

மண்டபத்தில் இருந்தவர்களுக்கு அவள் சொன்னது முழுதாகப் புரியாவிட்டாலும், தொரையின் முகத்தைப் பார்த்து ஏதோ நடந்துவிட்டது என்று புரிந்தது. சலோமி மக்கள் பக்கம் திரும்பி, தான் சிங்களத்தில் சொன்னதையும் அதிகாரி சொன்னதையும் தமிழில் சொன்னாள். வெடிப்பு தெரிந்திருந்தால் அனுப்பியிருக்கமாட்டாராம் என்று சொல்கிற இடத்தில் அவளுக்கு அழுகை வந்துவிட்டது. அழுதுகொண்டே சொல்லி முடித்தாள். ஒருவரும் தேற்ற வரவில்லை. பின்னாலிருந்து யாரோ காறித் துப்பினார்கள்.

நல்ல மண்ணில் வேறு இடம் பார்க்கும்வரை யாரும் கீழ் லயத்துக்குப் போகவேண்டாம் என்றார் அதிகாரி. அதோடு விடவில்லை. வெடிப்பு எப்போது வந்தது, யார் யார் பார்த்தார்கள், எல்லாம் முதலிலிருந்து அவர்கள் வாயாலேயே கேட்கவேண்டும் என்றார். வேறு யாராவது மொழிபெயர்க்க இருக்கிறார்களா என்று மண்டபத்தைச் சுற்றிப் பார்த்தார்.

சலோமி ஒதுங்கிச் சுவரோரம் போய் நின்றாள். அதுதான் நியாயம் என்று அவளுக்குப் பட்டது.

சின்னம்மா இன்னும் உட்காரவில்லை. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு சலோமியையே பார்த்துக்கொண்டிருந்தாள். அதிகாரிகளின் சிங்களம் அவளுக்குப் பிடிபடாது. ஆனால் 'பொரு' என்றால் பொய் என்று அவளுக்குத் தெரியும், சந்தையில் எத்தனை யாவாரியை அந்தச் சொல்லால் ஏசியிருப்பாள். சற்றுமுன் அதே சொல் சலோமியின் வாயிலிருந்து வந்ததை அவள் கேட்டிருந்தாள்.

"நீங்க பொய்க்காரின்னு நான் ஏசினதயும் அவருகிட்டச் சொன்னீங்களா?"

"சொன்னேன்" என்றாள் சலோமி.

சின்னம்மாவின் முகம் இளகவில்லை. அந்தக் கோபம் லேசில் போகிற கோபமும் இல்லை. அதிகாரிக்கு எதிரே ஒரு கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். பக்கத்தில் இன்னொரு கதிரையையும் காலால் தள்ளிவிட்டாள்.

"அப்ப வந்து உக்காருங்க. நான் சொல்றேன், நீங்க சொல்லுங்க."