பிசிறு வெட்டும் கை

பனியன் கம்பெனியில் பிசிறு வெட்டும் ஒச்சாயிக்கு ஒரு கெட்ட பழக்கம். எங்கே நூல் நீட்டிக்கொண்டிருந்தாலும் கை போய்விடும். பஸ்ஸில் முன்சீட்டுக்காரரின் காலரைக்கூட விட்டுவைக்க மாட்டாள்.

புருஷன் இன்னொருத்தியோடு போன பிறகு, எண்பத்தாறில் உசிலம்பட்டிப் பக்கமிருந்து தனியாளாகத் திருப்பூர் வந்தவள். இரண்டு வருடம் கழித்து, குடியிருந்த லைன் வீட்டுக்குப் பக்கத்தில் அஸ்திவாரம் தோண்டியபோது ஒரு மண்ணுளிப் பாம்பு வெளிப்பட்டது. கொத்தனார் மண்வெட்டியை ஓங்கினார்.

"வாயில்லாச் சீவனை ஏன்யா அடிக்கிறீக?" என்று அதை முந்தானையில் அள்ளிக்கொண்டு போய்விட்டாள்.

அது நக்கினால் குஷ்டம் வரும் என்று வீட்டுக்காரம்மா வேலாத்தாள் நடுங்கினாள். பாம்பின் சாப்பாட்டுக்காக ஒச்சாயி லைன் முழுக்கப் பொறி வைத்து எலிகளை ஒழித்ததும், "செரி, இருந்துட்டுப் போகட்டுமுங்க" என்று இறங்கி வந்தாள்.

மண்தொட்டியில் ஈர மணலுக்குள் பாம்பு சுகமாகத்தான் இருந்தது. கண் பால் பூத்தாற்போல மங்கும். சில நாளில் பனியனைத் தலைவழியாகக் கழற்றுவதுபோல், கண்ணை மூடிய கண்ணாடித் தோலோடு சேர்த்துச் சட்டையை முழுசாக உரித்துப் போடும். தை மாதக் குளிருக்குப் பாவம் பார்த்து, மணலைக் கொட்டிவிட்டுக் கம்பெனியிலிருந்து மெத்துமெத்தென்று பனியன் வேஸ்ட் துணி கொண்டுவந்து நிரப்பினாள். பாசம் கண்ணை மறைத்தது. காய்ந்த துணி ஈரத்தையெல்லாம் உறிஞ்சிவிட, அந்த முறை சட்டை கந்தல் கந்தலாக உரிந்தது. இரண்டு கண்ணிலும் பழைய தோல் அப்படியே ஒட்டிக்கொண்டது. வலது கண்ணோரம் நூல்போல ஒரு துணுக்கு தொங்கியது.

விரல் தானாகப் போய் அதை இழுத்துவிட்டது.

ரத்தம் வந்தது. பாம்பு கடிக்கவில்லை. சுருண்டு, தலையை உடம்புக்கடியில் ஒளித்துக்கொண்டது. கடித்திருந்தால்கூட அவளுக்கு மனசு ஆறியிருக்கும். அந்தக் கண் அதோடு போயிற்று. மிச்சம் இருந்தது ஒரு கண், அதிலும் தோல்.

மறுநாள் கம்பெனியில் அயர்ன்காரர் ஈஸ்வரமூர்த்தி ஒரு பனியனில் ஒட்டியிருந்த ஸ்டிக்கர்மேல் ஈரத்துணியைப் போட்டுவிட்டு டீ குடித்துக்கொண்டிருந்தார்.

"பிச்சு எடுக்கலாம்ல?" என்றாள்.

"பிச்சா துணி கிழிஞ்சிருமுங்க. ஊறுச்சுன்னா அதுவா உட்டுரும்."

அன்றே வேஸ்ட்டை வெளியே கொட்டினாள். ஈர மணல் திரும்பியது. தினமும் சாயங்காலம் வெதுவெதுப்பான தண்ணீரில் நனைத்த துணிக்குள் பாம்பை அரை மணி நேரம் ஊற விட்டாள். உடம்பிலிருந்த கந்தலெல்லாம் உதிர்ந்தது. இடது கண்ணின் தோல் மட்டும் அசையவில்லை. அடுத்த சட்டை வரைக்கும் காத்திருப்பதைத் தவிர வழியில்லை. பாம்பு மூன்று வாரம் எலியைத் தொடவில்லை. அவளுக்கும் சோறு இறங்கவில்லை.

பங்குனியில் மறுபடி சட்டை உரிந்தது. இடது கண்ணோரம் தோல் கிளம்பி ஆடியது. விரல் துறுதுறுத்தது. இரண்டு கையையும் தொடைக்கு அடியில் கொடுத்து, அதன்மேலேயே உட்கார்ந்துகொண்டாள். ஒரு மணி நேரம் ஆயிற்று.

முழுச் சட்டையாக வந்தது. அதைக் கம்பெனி வழக்கப்படி டியூப்லைட்டுக்கு நேராகப் பிடித்தாள். இடது கண்ணின் இடத்தில் பழையதும் புதியதுமாக இரண்டு தோல் ஒட்டியிருந்தன. வலது கண்ணின் இடத்தில் ஓட்டை. கம்பெனியில் ஓட்டை விழுந்தால் யார் கை என்று சூப்பர்வைசர் கேட்பார். இங்கே கேட்க ஆளில்லை.

"என் கைதான்" என்று ஒச்சாயி சத்தமாகவே சொன்னாள்.