யோகமலர் எழுதிய மலை

ஐஸ்கிறீம் டப்பாவின் மூடியில் முதலில் ஒரு பிள்ளையார் சுழி; அதற்குக் கீழேதான் ‘கத்தரிக்காய்’. அடுத்த டப்பா, அடுத்த சுழி, ‘கணவாய்’. மொன்றியலின் ரொக்ஸ்பரோவில் மகள் கௌசியின் வீட்டு உறைபெட்டியைத் திறந்தால் கறி கண்ணில் படுவதற்கு முன் பிள்ளையார்தான் படுவார். கணவாய் மீனுக்குமா மாமி பிள்ளையார் என்று மருமகன் டனிஸ்ரன் ஒருநாள் வாய்விட்டுக் கேட்டுவிட்டான். “எழுதுறது நான், தின்னுறது நீங்க. அவருக்கென்ன?” என்றார் யோகமலர், மூடியை அமுக்கி மூடியபடி.

அறுபதைத் தொட்டுக்கொண்டிருக்கிறார். மட்டக்களப்பு கல்லடியில் தையல்காரி. அவர் தைத்த வெள்ளைச் சட்டை போடாமல் கல்லடியில் ஒரு பிள்ளையும் பள்ளிக்கூடம் போனதில்லை என்று சொல்லுவார். கொஞ்சம் கூட்டித்தான் சொல்லுவார், நாங்கள்தான் குறைத்துக்கொள்ள வேண்டும். துணியை மேசையில் விரித்ததும் ஓரத்தில் சோக்குக் கட்டியால் ஒரு சுழி. பிறகுதான் கத்திரிக்கோல். “ஒரேயொருக்கா அவதியில சுழி போடாம வெட்டிப்போட்டன். அதிபர்ர மகன்ட காற்சட்டைக்கு ரெண்டும் இடது காலாப் போயிட்டு” என்பார். கேட்பவர் சிரித்தால் அவரும் சிரிப்பார். ஆனால் அடுத்த துணிக்குச் சுழி போடாமல் விடமாட்டார்.

மொன்றியலுக்கு வந்தது ஆறு மாத விசாவில், ஊர் பார்க்க. ஊரும் பார்த்தார். மலையில் ஏறினார், பெரிய தேவாலயத்தில் மெழுகுதிரி கொளுத்தினார், ஆற்றங்கரையில் நின்று படம் பிடித்தார். ஒன்று மட்டும்தான் குறை. கல்லடியில் காலை தொடங்கினால் பொழுது சாயும்வரை ஓயாத அந்த வாய்க்கு இங்கே வேலையே இல்லை. கடையில் காசு வாங்கும் பெண் ‘பொன்ஜூர்’ என்று இவரைப் பார்த்துச் சொல்லுவாள். இவர் வாயைத் திறக்குமுன் கௌசி பதில் சொல்லி, பையையும் வாங்கி, வாசலுக்கும் போயிருப்பாள். பக்கத்து வீட்டுக்காரி வேலிக்கு மேலால் எட்டி, மொன்றியல் பிடித்திருக்கிறதா என்று கேட்டாள். அம்மாவுக்கு நல்ல விருப்பம் என்று கௌசி சொல்லிவிட்டாள். பல் வைத்தியரிடமும் அதே கதைதான்.

“எனக்கு நொந்த பல்ல விட்டுட்டு அதுக்குப் பக்கத்துப் பல்லச் சொல்லிப்போட்டாள் கா! அந்தாளும் அதத்தான் கிண்டினவர்.”

கௌசி பொல்லாதவள் அல்ல. தாயை உள்ளங்கையில் வைத்துத் தாங்குகிறாள். வேலை, வீடு, வேலை என்று ஓடுகிறவளுக்கு எல்லாம் சட்டென்று முடிந்தாக வேண்டும், அவ்வளவுதான். யோகமலருக்கும் அது விளங்கும். விளங்கினாலும் மனம் கேட்க வேண்டுமே. ஊருக்குத் திரும்பும் நாள் கிட்டக்கிட்ட அவருக்கு ஒரு ஆசை பிடித்துக்கொண்டது. “போறதுக்கு முதல் இந்த ஊருல என்ட கையால ஒண்டு செஞ்சி வைக்கணும். கௌசிர அம்மா வந்தவ எண்டில்ல, யோகமலர் வந்தவ எண்டு இரிக்கணும்.”

என்ன செய்வது என்றுதான் தெரியவில்லை. அது ஜான்-டலோன் சந்தைக்குப் பக்கத்துத் தெருவில் ஒரு கண்ணாடிக்குப் பின்னால் இருந்தது.

அன்று கௌசியும் டனிஸ்ரனும் தக்காளி பொறுக்கிக்கொண்டிருந்தார்கள். யோகமலர் மெல்ல நழுவித் தெருவோரமாக நடந்தார். ஒரு சின்ன மண்டபம். உள்ளே கறுப்பு ஏப்ரன் கட்டிய பெண் ஒருத்தி, விளக்குமாற்றுக் கட்டைத் தடிப்பில் ஒரு தூரிகையை இரண்டு கையாலும் பிடித்து, நிலத்தில் விரித்த தாளில் ஒரே ஒரு கோடு இழுத்தாள். இழுத்துவிட்டு மூச்சு விட்டாள். வெளியே நின்ற யோகமலரும் மூச்சு விட்டார். அப்போதுதான் தானும் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றது தெரிந்தது. டனிஸ்ரன் தேடி வந்து தோளைத் தொடும்வரை அந்த இடத்தைவிட்டு அசையவில்லை.

“அம்மா, அது ஜப்பான் எழுத்து. உங்களுக்கு என்னத்துக்கு?” என்றாள் கௌசி.

“தெரிஞ்ச எழுத்தப் படிக்கிறதுக்கு ஆரும் வகுப்புக்குப் போறதா புள்ள?”

சனிக்கிழமை வகுப்பில் பெயர் பதிந்தாயிற்று.

முதல் நாள் மொழிபெயர்க்கவென்று கௌசியும் கூடவே போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தாள். ஆசிரியை மிசாக்கிக்கு முப்பத்தைந்து வயதிருக்கும். தகப்பன் ஜப்பான்காரர், பிறந்து வளர்ந்தது இந்த ஊரில். அவள் வந்து உதட்டில் விரலை வைத்து, வாசலைக் காட்டிச் சிரித்தாள். இந்த வகுப்பில் யாரும் கதைப்பதில்லையாம். மொழிபெயர்க்க ஒன்றுமே இல்லையாம். கௌசி எழும்பி வெளியே போனாள். அடடா, அந்த நேரத்தில் யோகமலரின் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும்! பள்ளிக்கூடத்தில் முதல் நாள் தாயை அனுப்பிவிட்டு வாங்கில் ஏறி உட்கார்ந்த பிள்ளை தோற்றுப்போகும். சுற்றிவர இருந்தவர்கள் எல்லாரும் வெள்ளைக்காரர், அரபுக்காரர், ஒரு சீனக் கிழவர். இந்த அறையில் ஒருத்தருக்கும் வாய் இல்லை. ஆகையால் எல்லாரும் ஒன்று.

கை மட்டும் சொன்னபடி கேட்கவில்லை. கோடு கொஞ்சம் ஒல்லியாக வந்தால், தையல்காரி அல்லவா, அதன்மேல் இன்னொரு தரம் இழுத்துத் தடிப்பாக்கினார். மிசாக்கி வந்து தலையை ஆட்டினாள். இழுத்தது இழுத்ததுதான், திருத்தக் கூடாது. “பிரிச்சித் தைக்க ஏலாதாம். அப்ப இது என்ன வேலை!” என்று திரும்பும் வழியெல்லாம் காருக்குள் புறுபுறுத்தார். ஆனால் அடுத்த சனிக்கிழமை எல்லாருக்கும் முதல் வந்து குந்தியிருந்ததும் அவர்தான். திருத்தும் ஆசையை மெல்ல மெல்ல விட்டுவிட்டார். விட முடியாதது மற்றது. ஒவ்வொரு தாளிலும், தூரிகை எழுத்தைத் தொடுமுன், உச்சியில் தன்பாட்டில் ஒரு பிள்ளையார் சுழி போய் உட்கார்ந்துவிடும்.

மிசாக்கி முதலில் அதை மை சிந்தியதென்று நினைத்தாள். பிறகு கையெழுத்தாக்கும் என்று நினைத்தாள். எல்லாத் தாளிலும் ஒரே இடத்தில் ஒரே சுழியைக் கண்டபிறகு கௌசியை வெளி நடைக்குக் கூப்பிட்டுக் கேட்டாள். கௌசி விளக்கினாள். மிசாக்கி வடிவாகக் கேட்டாள், மரியாதையாகத் தலையைக் குனிந்தாள், பிறகு சொன்னாள்: கடைசிச் சனிக்கிழமை எல்லாருடைய தாளிலும் ஒவ்வொன்று சுவரில் தொங்கும், தெருவால் போகிறவர்களும் வந்து பார்ப்பார்கள். அந்தத் தாளில் எழுத்தும் வெள்ளையும் மட்டும்தான் இருக்கலாம். வெள்ளையும் எழுத்தின் பங்குதான். வேறொரு புள்ளி இருந்தாலும் அதைத் தொங்கவிட முடியாது.

“அப்ப என்டது தொங்காதா?” கௌசி வந்து சொன்னதும் கேட்டார் யோகமலர். தன் கையால் இந்த ஊரில் வைத்துவிட்டுப் போக ஒன்று கிடைத்தது என்று இருந்தவருக்கு, கைக்கெட்டியது வாய்க்கெட்டாத மாதிரி ஆகிவிட்டது.

“அந்தச் சுழியப் போடாமல் விடுங்கோவன் அம்மா. சின்ன விஷயம்தானே.”

சின்ன விஷயம்தான். செய்துபார்த்தால் தெரியும். அந்தக் கிழமை முழுக்கச் சாப்பாட்டு மேசை நிறையப் பேப்பர். சுழி போடாமல் தூரிகையைத் தூக்கினால் கை அந்தரத்தில் நின்றுவிடும். கீழே இறங்கவே இறங்காது. வற்புறுத்தி இறக்கினால் கோடு புழு நெளிந்தமாதிரி நெளியும். இரண்டு இடது கால் காற்சட்டை கண்ணுக்குள் வந்து நிற்கும்.

“மனசுக்குள்ள கும்பிட்டிட்டு எழுதுங்கோவன் மாமி” என்றான் டனிஸ்ரன்.

“மனசுக்குள்ள கும்பிட்டா கைக்கு எப்பிடித் தம்பி விளங்கும்?”

காற்றில் போட்டுப் பார்த்தார். தூரிகையிலிருந்து மை தெறித்துக் கௌசியின் வெள்ளைத் திரைச்சேலைக்குப் பொட்டு வைத்தது. பிறகு ஒரு யோசனை பிடிபட்டது. தாளுக்குக் கீழே விரிக்கிற பழைய பத்திரிகையில் சுழியைப் போட்டுவிட்டு, அதற்குமேல் தாளை வைத்து எழுதினால் ஆருக்குத் தெரியும்? எழுதினார். கோடு அம்மாடி, அவ்வளவு அழகாக வந்தது. “கௌசி! ஓடி வா கா!” என்று கூவினார். கௌசி ஓடி வந்து பார்த்தபோது, பிள்ளையார் கீழேயிருந்து மெல்ல ஊறி, தாளின் உச்சியில் வந்து குந்திக்கொண்டிருந்தார். அரிசித்தாள் அல்லவா, மெல்லியது. டனிஸ்ரன் கதிரையில் இருந்தபடியே குலுங்கிக் குலுங்கிச் சிரித்தான். யோகமலருக்குக் கோபம் வந்தது, பிறகு அழுகை வந்தது, கடைசியில் அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. மூன்றும் ஒன்றுக்குப்பின் ஒன்றாக வந்தபடியால் முகத்தைச் சேலைத்தலைப்பால் மூடிக்கொண்டு சிரித்தார்.

கடைசிச் சனிக்கிழமை வந்தது. அடுத்த வெள்ளி விமானம். தொங்காவிட்டால் போகட்டும் என்று வீட்டிலேயே சொல்லிவிட்டுத்தான் வந்தார். சொன்னவரே அதை நம்பவில்லை.

அதுவரை போத்தல் மைதான். அன்று மட்டும் மிசாக்கி ஒவ்வொருவருக்கும் முன்னால் ஒரு கருங்கல்லை வைத்தாள், கூடவே விரல் நீளத்தில் ஒரு மைக்கட்டி. கல்லின் பள்ளத்தில் சொட்டுத் தண்ணீர் விட்டு, கட்டியைக் கல்லில் வட்டமாகச் சுற்றிச் சுற்றி உரைத்துக் காட்டினாள். சந்தனம் உரைப்பது மாதிரியேதான். அவசரம் கூடாது, தண்ணீர் கறுத்து மை ஆகும்வரை உரைக்க வேண்டும் என்று சைகை காட்டிவிட்டு நகர்ந்தாள்.

யோகமலர் உரைத்தார். ஒரு சுற்று, இரண்டு சுற்று. கை சந்தனக் கல்லில் பழகிய கை. மூன்றாவது சுற்றில் கை தானாகவே வளைந்து, அடியில் ஒரு நீட்டு நீட்டி நின்றது. குனிந்து பார்த்தார். தண்ணீருக்குள் பிள்ளையார் சுழி! கண் இமைக்குமுன் தண்ணீர் அதைத் தனக்குள் வாங்கிக்கொண்டது. கல்லில் ஒன்றும் இல்லை, மைதான் இருந்தது. இன்னொன்று போட்டார். அதுவும் மைக்குள் கரைந்தது. இனி எந்தக் கோட்டை இழுத்தாலும் அதற்குள் பிள்ளையார் இருப்பார். ஆனால் கண்டுபிடிக்க ஒருத்தராலும் ஏலாது! யோகமலருக்குச் சிரிப்பு அடக்க முடியவில்லை. பேசாத அறையில் வாயைப் பொத்திக்கொண்டு தோள் குலுங்கச் சிரித்தார். சீனக் கிழவர் என்னவென்று தெரியாமலே கூடச் சிரித்தார். பிறகு யோகமலர் விடாமல் சுழிமேல் சுழியாக உரைத்தார், விரலெல்லாம் கறுத்து, புறங்கைவரை ஏறி, மற்றவர்களின் மையைவிட இரண்டு பங்கு கறுப்பாக ஒரு மை.

எழுதியது ‘மலை’ என்ற எழுத்து. நடுவில் நெட்டையாக ஒரு கோடு, இரண்டு பக்கமும் அதற்குத் துணையாகக் குட்டைக் கோடுகள், அடியில் அவற்றைத் தாங்கிய ஒரு வரி. ஊரில் மலை கிடையாது, இங்கே வந்துதான் ஒன்றில் ஏறினார். அதனால் அதை எடுத்துக்கொண்டார். தூரிகையைத் தூக்கினார், கை இறங்கியது. வலப்பக்கக் கோடு சற்றுச் சரிந்துதான் போயிற்று. திருத்தவில்லை. மிசாக்கி வந்தாள், தாளின் உச்சியைப் பார்த்தாள், வெள்ளை. அடியைப் பார்த்தாள், வெள்ளை. யோகமலரின் கறுத்த கைகளைப் பார்த்தாள். நல்ல எழுத்துக்குச் சிவப்பு மையால் போடுகிற பெரிய வட்டத்தை, மலையின் வெள்ளையில் படாமல் ஒரு சின்னத் தாளில் போட்டு இவர் கையில் தந்துவிட்டு, மலையைத் தானே தூக்கிக்கொண்டு போய்ச் சுவரில் தொங்கவிட்டாள். அதுவும் வாசலுக்கு நேரே.

கதவைத் திறந்துவிட்டார்கள். கதைக்கலாம் என்றார்கள். சந்தைக்கு வந்த சனம் கீரையும் பாணும் பூச்சாடியுமாக உள்ளே வந்தது. கௌசியும் டனிஸ்ரனும் வந்தார்கள், கௌசி சுவரைப் பார்த்ததும் கண் கலங்கி, “அம்மா, உச்சியில ஒண்டுமில்லையே! எப்பிடி?” என்றாள். “மறுகா சொல்றன்” என்றார் யோகமலர், பெரிய இரகசியக்காரிபோல.

அப்போது கைநிறையச் சோளப் பொத்திகளோடு ஒரு பெரிய மனிதர் மலைக்கு முன்னால் வந்து நின்றார். தலையைச் சரித்துப் பார்த்தார், பின்னுக்குப் போய்ப் பார்த்தார். பிறகு திரும்பி, இதை எழுதியது யார் என்று பிரெஞ்சில் கேட்டார். பாஷை தெரியாவிட்டாலும் கேள்வி யோகமலருக்கு விளங்கிற்று. கௌசி வழக்கம்போல முந்திக்கொண்டு, இது என்னுடைய அம்மா என்று சொல்ல வாயெடுத்தாள்.

யோகமலர் மை ஊறிய இடது கையால் மகளின் வாயை இறுக்கிப் பொத்திக்கொண்டு, புறங்கைவரை கறுத்த வலது கையை அந்த மனிதரிடம் நீட்டினார்.