மில்லுக்குப் பின்னால ஒரு அதிர்வுமானி

முதலியார்பேட்டையில, மில்லோட பின்சுவரை ஒட்டி, நிலநடுக்கம் அளக்கிற ஆபீசை எவனாவது வைப்பானா? வெச்சாங்க. எழுபதுகளோட கடைசியில நான் அங்க வேலைக்குச் சேர்ந்தப்ப, அந்தக் கதையைக் கேட்டுத் தலையில அடிச்சிக்கிட்டேன். இடம் பார்க்க வெளியூர்லேர்ந்து வந்த பெரியவங்க, வீராம்பட்டினம் தேரன்னிக்கு வந்திருக்காங்க. அன்னிக்கு ஊருக்கே லீவு. மில்லு ஓடல, லாரி ஓடல, சனமெல்லாம் தேர் பார்க்கப் போயிடுச்சு. கருவியோட ஊசி அசையாம நின்னிருக்கு. 'என்ன அமைதியான ஊர்!'னு மெச்சி, கையெழுத்துப் போட்டுட்டு ரயிலேறிட்டாங்க. மறுநாள் முதல் ஷிப்டு ஓடினப்பத்தான் வண்டவாளம் தெரிஞ்சுது.

அந்த மில்லுலதான் எங்க அண்ணன் தறி ஓட்டினான்.

காலையில என் முதல் வேலை புகை போடறது. வழவழப்பான தாளை உருளையில சுத்தி, மண்ணெண்ணெய் விளக்குமேல மெதுவா உருட்டணும். கரி ஒரே சீரா படியணும். அந்தக் கரியைத்தான் ஊசி நாள் பூரா கீறிக்கிட்டே போகும். மறுநாள் தாளைக் கழட்டி, கரி உதிராம இருக்க அரக்குக் கரைசல்ல முக்கிக் காயப் போடுவோம். வீட்டுக்குப் போனா அம்மா, "எம்.எஸ்ஸி. படிச்சவ மூஞ்சாடி இது? கரிக்கடைக்காரி தோத்தா போ"ம்பாங்க. இப்பவும் எங்கயாவது மண்ணெண்ணெய்ப் புகை வாசனை வந்தா, கொஞ்சம் நின்னுட்டுத்தான் போறேன்.

என் ஆராய்ச்சி சின்னதுதான். நம்ம பக்கத்துல, சில நூறு கிலோமீட்டருக்குள்ள வர்ற நிலநடுக்கம் எவ்வளவு பெருசுன்னு கணக்குப் போடறது. அதிர்வு எவ்வளவு நேரம் நீடிச்சு அடங்குதோ, அதை வெச்சே அதோட பலத்தைச் சொல்லிடலாம். தேய்ஞ்சு தேய்ஞ்சு அடங்கற அந்தக் கடைசிப் பகுதியை வால்னு சொல்வோம். இருந்த சூத்திரமெல்லாம் வேற நாட்டுப் பாறைக்கு எழுதினது. நம்ம பாறைக்கு நாமதானே எழுதணும்? ஆனா தறி ஓடினா ஊசி உதறும், கோடு தடிச்சுப்போகும், வால் அதுக்குள்ள முழுகிடும். மில்லு லீவு நாள்ல சின்னச் சின்ன அதிர்வு கொஞ்சம் மாட்டியிருந்துச்சு. சுமாரா பெருசா ஒண்ணு, முழு வாலோட வேணும். அது இல்லாம கட்டுரை அரைகுறை.

அப்பத்தான் ஸ்ட்ரைக்கு வந்துச்சு. கொஞ்ச நாள்ல முதலாளி கதவையே இழுத்து மூடிட்டான். ஊசி நூல் மாதிரி மெல்லிசா கோடு போட்டுது. ஐயோ, அதைப் பார்த்து எனக்கு வந்த சந்தோஷம்! சாயங்காலம் அந்தச் சந்தோஷத்தை வாசல்லயே விட்டுட்டுத்தான் வீட்டுக்குள்ள நுழையணும். அண்ணன் தட்டாஞ்சாவடிப் பட்டறைங்களுக்குப் போய், தறி பிடிச்ச கைக்கு இங்க என்னா வேலைன்னு கேட்டுக்கிட்டுத் திரும்பியிருப்பான். என் சம்பளத்துலதான் அடுப்பு எரிஞ்சுது. தங்கச்சி சம்பாதிச்ச சோறு அவனுக்குத் தொண்டையில இறங்கல. அண்ணி பரிமாறினா, "போதும், பசியில்ல"ன்னு எழுந்துடுவான்.

ஞாயித்துக்கிழமை கோயில்ல, மில்லு திறக்கணும்னு அம்மா மாதாவுக்கு மெழுகுவத்தி ஏத்தினாங்க. பக்கத்துலயே நானும் ஒண்ணு ஏத்தினேன். ஆளில்லாத நடுக்கடலா இருக்கணும், ஒரு சுவரும் விழக்கூடாது, மில்லு திறக்கறதுக்கு முன்னாடி ஒரே ஒரு அதிர்வு. அண்ணன் பார்த்துட்டான்.

"மாதா யாரு பேச்சக் கேப்பாங்க? நீ பூமி ஆடணும்ங்கற, நான் தறி ஆடணும்ங்கறேன்."

சிரிச்சிக்கிட்டேதான் கேட்டான். "மில்லே திறக்கட்டும் அண்ணே"ன்னேன். மனசாரத்தான் சொன்னேன். ஆனாலும் மறுநாள் ஆபீசுக்குப் போனதும் முதல்ல தாளைத்தான் பார்த்தேன்.

மாசக்கணக்கா பூமி அசையவே இல்ல. கிறிஸ்மஸ் கழிஞ்சு ஒரு திங்கக்கிழமை மில்லு திறந்தாங்க. அண்ணன் சட்டையைத் தேய்ச்சுப் போட்டுக்கிட்டுக் கிளம்பிட்டான். நான் புதுத் தாளை மாட்டிட்டு நிக்கிறேன், சங்கு ஊதி அடங்குது, ஊசி உதறுது. கோடு தடிச்சுது. இத்தனை வருஷமா நான் திட்டித் தீர்த்த கோடு! அதைப் பார்த்துக்கிட்டே நின்னேன், கண்ணுல தண்ணி வந்துடுச்சு.

அந்த வாரமே, பட்டப்பகல்ல, நடுக்கடல்ல வந்துச்சு பாருங்க ஒண்ணு. நான் கேட்ட மாதிரியே, யாருக்கும் ஒரு கீறல்கூட இல்ல. தொடக்கம், அதாவது தலை, தாள்ல நல்லா விழுந்திருந்துச்சு. வாலை மில்லு முழுங்கிடுச்சு. மேலதிகாரி தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்துட்டு, "போகட்டும்மா, இருக்கறத வெச்சு எழுது"ன்னாரு. அன்னிக்கு எனக்குச் சோறு இறங்கல.

எழுதினேன். எண்பதுகளோட தொடக்கத்துல கட்டுரை அச்சாகி வந்துச்சு. முதல் ஷிப்டு முடிஞ்சு, தலையில பஞ்சு ஒட்டினபடியே வந்த அண்ணன், அதை வாங்கிப் புரட்டினான். அட்டவணையில ஒரு வரிக்கு மட்டும் நட்சத்திரக் குறி போட்டிருந்துச்சு.

"இது என்னா?"

கீழ பொடி எழுத்துல இருந்த இங்கிலீஷைத் தமிழ்ல சொன்னேன். "பக்கத்து ஆலை ஓடிக்கிட்டிருந்ததால இந்த நிலநடுக்கத்தை முழுசா அளக்க முடியல."

"மில்லு தொறந்த வாரம் வந்துச்சே, அதா?"

"அதேதான் அண்ணே."

"இன்னொரு தடவ படி."

படிச்சேன். அண்ணன் அடுப்படிப் பக்கம் திரும்பி அண்ணியைக் கூப்பிட்டான்.

"ஏய், இங்க வந்து கேளு. அன்னிக்கு நான் வேலையில இருந்தேன்னு புஸ்தகத்துல போட்டிருக்கு."