லாபு எஸ்டேட் மாப்பிள்ளைகளின் கோட்டு

என் தாத்தா ரப்பர் பால்மரம் சீவியவர் இல்லை, எஸ்டேட் ஆபீசில் கணக்கு எழுதிய கிராணி என்பது எங்கள் வீட்டுப் பெருமை. ஒரே ஆதாரம், ராசா ஊரில் அம்மா வீட்டு ஹாலில் தொங்கும் அவருடைய கல்யாணப் படம். லாபு எஸ்டேட்டில் எடுத்தது. கோட்டு போட்டுக்கொண்டு நிற்பார்.

இன்று பல்கலைக்கழக நூலகத்தின் பழைய புகைப்படப் பிரிவில் அதே எஸ்டேட்டின் கல்யாணப் படங்களைப் பார்த்தேன். மாப்பிள்ளைகள் வேறு வேறு ஆட்கள். கோட்டு மட்டும் ஒன்றுதான். கறுப்புக் கோட்டு, நடுப் பொத்தான் மட்டும் வெள்ளை.

அங்கே வேலை செய்யும் கவிதாவிடம் கேட்டேன்.

"அது படம் பிடிக்க வர்றவரோட கோட்டுலா! எந்த மாப்பிள்ளையா இருந்தாலும் அதத்தான் மாட்டி விடுவாராம்."

உடனே அம்மாவுக்கு போன் போட்டேன்.

"மா, தாத்தா கோட்டுல நடுப் பொத்தான் என்ன கலரு?"

ஹாலுக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்தார்.

"வெள்ளை. ஏன்டி?"

"சும்மாதான் மா."

"நல்லா பார்த்துக்க. கிராணிமாருங்கதான் அப்படிக் கோட்டு போடுவாங்க."

லாபு பக்கத்து ஆட்களே, உங்கள் வீட்டுத் தாத்தா படத்திலும் நடுப் பொத்தானைக் கொஞ்சம் பாருங்கள். வெள்ளையாக இருந்தால் கீழே சொல்லுங்கள். உங்கள் தாத்தாவும் கிராணிதான்.