ஜமாலின் படத்தில் ஜமால்

ஜமாலுக்கு ஓரிடத்தில் உட்கார வராது. தாராவியில் தோல் பை தைக்கும் பட்டறை அவருடையது. அங்கேயும் நின்றபடிதான் வெட்டுவார். சாப்பிடும்போதுகூட ஒரு கால் ஆடிக்கொண்டிருக்கும். அந்த மனுஷன் 1966-இல், சாவி கொடுத்தால் ஓடுகிற சின்ன சினிமா கேமரா ஒன்றைக் கப்பல்காரன் ஒருவனிடம் வாங்கி, தன் வாழ்க்கையைப் படம் பிடிக்கப் போவதாகச் சொன்னபோது நான் சிரித்துவிட்டேன்.

நான் தாதரில் ஒரு சினிமா லேபில் பிலிம் ஒட்டுகிறவன். நாலாம் வகுப்பைத் தாண்டாதவன். ஜமால் எடுத்த சுருளையெல்லாம் என் வீட்டுக்குத்தான் கொண்டுவருவார். காய்கிற தோல், முழங்காலளவு மழைத்தண்ணீர், சயான் ஸ்டேஷன் கூட்டம், அடுப்பு ஊதும் அவர் மனைவி சபுரா. வெட்டி, ஓரம் சுரண்டி, பசை போட்டு ஒட்டுவேன்.

ஒரு சுருளில் மட்டும் என் கை நின்றது. அவர்களுடைய மூன்று மாதப் பெண் குழந்தை காய்ச்சலில் போன மறுநாள் எடுத்தது. உத்திரத்தில் கட்டிய சேலைத் தொட்டில். வெறும் தொட்டில். சபுரா அதை ஆட்டிக்கொண்டிருக்கிறாள்.

"இது கட்டாயம் இருக்கணும்வே. எங் கதையில இதவிட என்ன இருக்கு?" என்றார் ஜமால். ஒட்டினேன்.

மறுநாள் சபுரா வாசலில் வந்து நின்றாள். "அண்ணே, அத எடுத்துருங்க. ஞாயித்துக்கெழம சொந்தக்காரங்கள்லாம் பாக்கப்போறாஹ. நான் இருந்த இருப்ப ஊருக்கு எதுக்குக் காட்டணும்?" எடுத்தேன்.

சாயங்காலம் அவர் வந்து திரும்ப ஒட்டச் சொன்னார். காலையில் அவள். இப்படி மூன்று நடை. எனக்குப் பொறுக்கவில்லை, இருவரையும் சேர்த்து வரவழைத்தேன்.

"இதுக்கு நகல் கெடையாது. ஒவ்வொரு ஒட்டுக்கும் படத்துல ஒரு கட்டம் சுரண்டியாகணும். ஒங்க சண்டையில தங்கச்சி கை தொட்டில்ல வந்து விழுத எடம் போச்சு. இன்னும் நாலு நடை நடந்தா தொட்டிலும் போயிரும்."

"பாத்தியா? ஒன்னாலதான்!" என்றார் ஜமால் அவளிடம்.

"என்னாலயா? மொதல்லேருந்து ஓட்டுங்கண்ணே" என்றாள் சபுரா.

பிலிம் ஓட்டிப் பார்க்கிற வியூவரின் கைப்பிடியைச் சுற்றினேன். கடைசிவரை பார்த்தாள். "தோலு இருக்கு, மழ இருக்கு, ரயிலு இருக்கு, நான் இருக்கேன். நீங்க எங்க?"

"எடுக்குறவன் நான்தானே!"

"அன்னைக்கும் எடுத்துக்கிட்டுதான் நின்னீங்க. அந்தப் பொட்டிய வச்சிட்டு எம் பக்கத்துல வந்து ஒக்காந்தீங்களா?"

ஜமாலின் கால் ஆட்டம் நின்றது.

"அதே எடத்துல நீங்களும் ஒக்காருங்க. அண்ணன் எடுக்கட்டும். அப்பம் நானும் படத்துல இருந்துட்டுப் போறேன்."

அவர்கள் வீட்டில் கேமராவை நான் பிடித்தேன்; முழுச் சாவி கொடுத்தால் அரை நிமிஷம் ஓடும். ஜமால் உத்திரத்துக்குக் கீழே பாயில் உட்கார்ந்தார். முழங்காலைத் தேய்த்தார். தொட்டில் கட்டியிருந்த தடத்தை அண்ணாந்து பார்த்தார். பாதியிலேயே எழுந்து போய்விட்டார். நான் நிறுத்தவில்லை, வெறும் பாய் ஓடியது.

சுருள் கழுவி வந்ததும், "எந்திரிச்சுப் போறத வெட்டிரும்வே" என்றார்.

"அது இருக்கணும்" என்றாள் சபுரா. அவள் சொன்னபடி, தொட்டிலுக்கு அடுத்து அவரையும், அவருக்கு அடுத்து பாயையும் ஒட்டினேன்.

ஞாயிற்றுக்கிழமை பட்டறை ஷட்டரை இறக்கி, சுவரில் வேட்டி கட்டிப் படம் போட்டோம். ஊமைப்படம். ஜமால் பக்கத்தில் நின்று ஒவ்வொன்றையும் உரக்கச் சொல்லிக்கொண்டே வந்தார். தொட்டில் வந்தது. பேச்சு நின்றது. ஆளைக் காணோம். பின்வாசலில் தீக்குச்சி உரசும் சத்தம். கூட்டம் திரும்பித் திரும்பிப் பார்க்கிறது, படமோ ஓடிக்கொண்டிருக்கிறது.

சபுரா முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு போய் வேட்டிக்குப் பக்கத்தில் நின்றாள்.

"இது எங்க மக கெடந்த தொட்டில்" என்றாள். "இந்தா வாராஹ பாருங்க, அவ வாப்பா. கொஞ்ச நேரம்தான் இருப்பாஹ. பாத்துக்கிடுங்க."