மூன்று மொழிகள் மேல் போட்ட பழி

பேச்சின் நடுவே நான் நின்றுவிடுவேனாம். கண் திறந்தபடியே இருக்குமாம், இமை மட்டும் படபடக்குமாம். சில நொடிகளில் விட்ட இடத்திலிருந்து தொடர்வேனாம். எல்லாம் பிறர் சொல்லிக் கேட்டதுதான். எனக்குத் தெரிந்ததெல்லாம், எதிரில் இருப்பவர் முகம் திடீரென்று கடுகடுவென்று மாறியிருப்பதுதான்.

தாராவியில் எங்கள் வீட்டுக்குள் திருநெல்வேலித் தமிழ், சந்தில் இந்தி, பள்ளியில் இங்கிலீஷ். மூன்றும் என் நாக்கில் சிக்கிக்கொள்கின்றன என்று அம்மா முடிவு கட்டினாள். எங்கள் பக்கம் எந்தப் பிள்ளை பேசத் தடுமாறினாலும் இதே வைத்தியம்தான்: ஒரு மொழியைக் குறை. வீட்டில் இந்திக்குத் தடை வந்தது. அப்புறம் தமிழ்ப் பள்ளிக்கு மாற்றினார்கள். அங்கும் பாடத்தில் பாதி எனக்கு வந்து சேரவில்லை. கேள்வி கேட்டால் முழிக்கிறேன், திமிர் என்றார் டீச்சர். "படிப்பு ஏறல, விட்டுரு" என்றார் அப்பா. ஏழாம் வகுப்போடு சரி. அம்மா அவித்து அப்பா சைக்கிளில் கொண்டுபோய் விற்கும் இட்லிக்கு நானும் ஒரு கை ஆனேன்.

ஒரு காலையில் இட்லிக் கொப்பரையின் மூடியைத் திறந்தவள், கையை ஆவியிலேயே வைத்துக்கொண்டு நின்றேன். அம்மா பிடித்து இழுத்தாள். வலி அதற்கப்புறம்தான் வந்தது.

ஆஸ்பத்திரியில் கட்டுப் போட்டவர், வெந்த கையை ஏன் எடுக்கவில்லை என்று திரும்பத் திரும்பக் கேட்டார். நான் நின்ற விதத்தை அம்மா சொன்னதும் நரம்பு டாக்டரிடம் அனுப்பினார். அந்தப் பெண்மணி என் முன்னால் ஒரு காகிதத்தைப் பிடித்து, விடாமல் ஊதச் சொன்னார். ஊதினேன். அடுத்து நான் பார்த்தது அம்மா அழுவதை.

"ஏட்டி, இப்ப நீ ஒரு பாசையும் பேசலியே. ஊதத்தானே செஞ்ச."

இதுவும் ஒரு வகை வலிப்புதான், விடாமல் ஊதினால் வந்துவிடும் என்று டாக்டர் இந்தியில் சொன்னார். மூளை முழுக்க மின்சாரம் ஒரே தாளத்தில் அடிக்கும். அது ஓயும்வரை பார்ப்பது, கேட்பது எதுவும் உள்ளே பதியாது. ஒரு நாளில் பல தடவை வந்தால் பாடம் சல்லடையாகிவிடும். புத்திக்கு ஒரு குறையும் இல்லை. மாத்திரையை விடாமல் சாப்பிட்டால் பெரும்பாலும் அடங்கிவிடும். கேட்கக் கேட்க எனக்கு நிம்மதி வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. இன்னும் அது போகவில்லை.

"இனிமேல் கிளாஸில் நன்றாகக் கவனிப்பாள்" என்று சிரித்தார் டாக்டர். "எத்தனாவது படிக்கிறாள்?"

அம்மாவுக்கு இந்தி நன்றாகவே வரும். ஆனாலும் தரையைப் பார்த்துக்கொண்டு தமிழில்தான் சொன்னாள்.

"எங்கூட இட்லி அவிக்கா."