பலூனுக்குக் காவல் இருந்தவன்

“...அதான் உசுரோட எழுந்து வந்துட்டேல்ல மாமா, அப்புறம் என்னா பலூன் கல்லாட்டம் இருந்துச்சு, மெத்துன்னு இருந்துச்சுன்னு இங்க வந்து நின்னுக்கிட்டு? ஏலம் நடக்குற எடம் மாமா இது!”

சொன்னவன் என் மச்சான். என் வீட்டுக்காரியின் கூடப் பிறந்த தம்பி. வீராம்பட்டினத்துக் கரையில், கூடைகளுக்கு நடுவே, வருஷக்கணக்கில் நான் நின்ற இடத்தில் நின்றுகொண்டு சொன்னான். அவனிடம் நான் ஒரே ஒரு கேள்விதான் கேட்டிருந்தேன். அது என்ன கேள்வி என்பதற்கு முன்னால் அந்த பலூன் எது என்று சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் நானும் அவனும் தேர்த்திருவிழாக் கடையில் ஊதித் தருகிற பலூனுக்காக அடித்துக்கொண்டோம் என்று நினைத்துவிடுவீர்கள்.

நான் அந்தக் கரையின் ஏலக்காரன். கட்டுமரம் கரையேறி, வலையை உதறி, கூடையைக் கீழே வைத்ததும் விலையைக் கூவி ஏற்றுவது என் வேலை. அலைச் சத்தத்துக்கு மேலே, காற்றுக்கு மேலே, மீன் எடுக்க வந்த பெண்களின் வாய்க்கு மேலே என் குரல் போக வேண்டும். படிப்பு கிடையாது. எழுத்துக் கூட்டிப் படித்ததெல்லாம் பிற்பாடு, டவுனில் கடைப் பலகைகளைப் பார்த்து. ஆனால் மனுஷர்கள் பேசுவதைக் காதால் பொறுக்குவதில் எனக்கு அலுப்பே வந்ததில்லை. ஒருத்தி சங்கராவின் கண்ணை உற்றுப் பார்த்துவிட்டு, “இந்த மீனு என்னைவிட நல்லா பாக்குது, குடு” என்றாள். அதையே சொல்லிச் சொல்லி ஒரு மாசம் மீன் விற்றேன். “உன் வாய வாடகைக்கு வுட்டா ஊரே ஒக்காந்து சாப்புடலாம்” என்று என்னைச் சீண்டியவளும் உண்டு. நான் வாடகைக்கு விடவில்லை. எடுத்துக்கொண்டார்கள்.

பிரெஞ்சுக்காரன் கொடி இறங்கி நம்ம கொடி ஏறிச் சில வருஷம் ஆகியிருந்த சமயம். மணலில் கிடந்த துருப்பிடித்த தூண்டில் முள் குதிகாலில் ஏறியது. பிடுங்கி எறிந்துவிட்டு, கடல் தண்ணியில் காலை அலசிக்கொண்டு மிச்ச ஏலத்தை முடித்தேன். அதை மறந்தும் போனேன். அப்புறம் கழுத்து இறுகியது, தாடை இறுகியது. ஒரு நாள் சோற்றை வாய்க்குக் கொண்டுபோனால் வாய் திறக்கவில்லை. “ஊரே கண்ணு வெச்ச வாயி, பூட்டிக்கிச்சே” என்று என் வீட்டுக்காரி தலையில் அடித்துக்கொண்டாள். டவுன் ஆஸ்பத்திரியில் ரணஜன்னி என்றார்கள். அதற்குள் உடம்பு வில்லாக வளைந்து வளைந்து துள்ள ஆரம்பித்திருந்தது.

சைகோனில் வேலை பார்த்துத் திரும்பியிருந்த ஒரு டாக்டர் இருந்தார். அவர் கழுத்தில் துளை போட்டு ஒரு சிவப்பு ரப்பர் குழாயை இறக்கினார். உடம்பைத் தளர்த்துகிற மருந்தை ஏற்றினார். துள்ளல் நின்றது, கூடவே மூச்சும் நின்றது. அதனால் குழாயின் வெளிமுனையில் ஒரு ரப்பர்ப் பையை மாட்டி, ஆள் மாற்றி ஆள் அதை அமுக்கி அமுக்கி எனக்கு மூச்சு விட்டார்கள். என்னால் இமையைக்கூடத் தூக்க முடியவில்லை. ஆனால் எல்லாம் கேட்டது, எல்லாம் வலித்தது. நான் தூங்குவதாக நினைத்துக்கொண்டு எல்லாரும் பேசினார்கள். வாழ்நாளில் அவ்வளவு பேச்சை நான் சும்மா கேட்டதில்லை.

பலூன் அந்தக் குழாயில்தான் இருந்தது. தொண்டைக்குள் இருக்கும் முனையைச் சுற்றி ஒரு ரப்பர் பலூன். பை அமுக்குகிற காற்று நெஞ்சுக்குப் போகாமல் மேலே தப்பிவிடக் கூடாது என்பதற்காக அதை ஊதி அடைப்பார்கள். உள்ளே இருப்பது எவ்வளவு இறுக்கமாக இருக்கிறது என்று யாராலும் பார்க்க முடியாது. வெளியே ஒரு மெல்லிய குழலின் நுனியில் சுண்டைக்காய் போல இன்னொரு குட்டி பலூன் தொங்கும். அதைக் கிள்ளிப் பார்த்துத்தான் உள்ளே உள்ளதைத் தெரிந்துகொள்ள வேண்டும். காற்றைச் சிரிஞ்சியால் அடித்து, தப்பாமல் இருக்க அந்தக் குழலை ஒரு இடுக்கியால் கவ்வி வைப்பார்கள்.

வார்டு முழுக்க ஒரே ஒரு கன்னியாஸ்திரி நர்ஸ். மாசேர் என்று கூப்பிடுவோம், காரைக்கால் பக்கத்துத் தமிழ்க்காரர். பலூனைப் பார்த்துக்கொள்ளக் கூடவே ஒரு ஆள் வேண்டும் என்றார். “எங்க மாமாவ நான் பாத்துக்குறேன்” என்று முன்னால் வந்தவன் மச்சான்தான். மூடிய கண்ணுக்குள் எனக்குத் தண்ணீர் வந்தது.

மாசேர் அவனுக்குச் சொல்லிக்கொடுத்ததை நானும் கேட்டேன்.

“காது வெச்சுக் கேளு. புஸ்ஸுன்னு ஒழுகுற சத்தம் எப்ப நிக்குதோ அப்ப நிறுத்து. அதுக்கு மேல ஒரு பொட்டு காத்து வேணாம். அப்புறம் கிள்ளிப் பாரு. கன்னம் மாதிரி இருக்கணும், நெத்தி மாதிரி இருக்கக் கூடாது.”

“கன்னம் சரி, நெத்தி தப்பு. அதானே மாசேர்?”

“கெட்டிக்காரன். சர்ச் மணி அடிக்கிறப்பல்லாம் என்னைக் கூப்புடு, சளிய உறிஞ்சி எடுத்துட்டுக் கொஞ்ச நேரம் காத்த எறக்கி வுடணும். உள்ள சதைக்கு ரத்தம் ஓடணும்ப்பா. இறுக்கிக்கிட்டே இருந்தா வெந்து போயிரும். இவரு கூவிப் பொழைக்கிறவருன்னு சொன்னியே. உசுரு டாக்டர் கையில. தொண்டை உன் கையில.”

முதலில் சில நாள் ஒழுங்காகத்தான் செய்தான். மணி அடிக்கும், மாசேரைக் கூப்பிடுவான், காற்று இறங்கும், தொண்டையில் ஒரு குளிர்ச்சி பரவும். அந்தக் குளிர்ச்சிக்காகவே மணிக்குக் காத்திருந்தேன். பகலில் என் வீட்டுக்காரி பையை அமுக்குவாள். விடிகாலையில் அவள் வீட்டுக்குப் போய்ச் சமைத்துவிட்டு வரும் வரைக்கும் வார்டு ஆள் ஒருத்தர் அமுக்குவார். அவருக்குப் பைதான் தெரியும், பலூன் அவர் வேலை இல்லை.

அந்த விடிகாலைகளில்தான் தொண்டை கனக்கத் தொடங்கியது. பச்சை எலுமிச்சம்பழத்தை முழுசாக விழுங்கி அது பாதி வழியில் நின்றுவிட்டது போல. மணி அடிக்கும், யாரும் வர மாட்டார்கள். அடுத்த மணியும் அடிக்கும்.

பக்கத்துக் கட்டிலில் உழவர்கரை விவசாயி ஒருத்தர், வண்டி ஏறிக் கால் முறிந்து படுத்திருந்தார். அவர் வாய் சும்மா இருக்காது.

“ஏம்ப்பா, மாடு கட்ட மொளை அடிக்கிற மாதிரி காத்த அடிச்சு வெச்சிட்டு எங்கப்பா தெனமும் ஓடுற?”

“டீ குடிக்கத்தான் பெரியவரே.”

“டீய எங்க, கடலூர்ல போயா குடிக்கிற?”

மச்சான் சிரித்தான். சைக்கிள் ஸ்டாண்டைத் தட்டும் சத்தம் ஜன்னலுக்கு வெளியே கேட்டது.

நான் அவனைச் சந்தேகப்படவில்லை. நிஜமாகத்தான் சொல்கிறேன். கடல்காரன் கைக்கு இறுக்கம்தான் நம்பிக்கை. தளர்ந்த முடிச்சு வலையை விட்டுவிடும், தளர்ந்த கட்டு மரத்தைப் பிரித்துவிடும். சின்ன வயதிலிருந்து எதையும் இழுத்துக் கட்டிப் பழகிய கைக்கு, மெத்தென்று விட்டு வைப்பது அரைகுறை வேலையாகத்தான் தோன்றும். பாவம், என் மேல் உள்ள பிரியத்தில் ஒழுகிவிடுமோ என்று பயந்து இறுக்குகிறான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அப்படிச் சொல்லிக்கொண்டால் வலி கொஞ்சம் குறைந்தது.

ஒரு காலை அவன் திரும்பி வந்து கட்டிலின் பக்கம் உட்கார்ந்தான். என்னைத் தொட்ட அவன் கையில் ஈர மணல் நறநறத்தது, சூடை மீன் செதில் உரசியது. பையை அமுக்குகிறவரிடம் ஏதோ கேட்டான். குரல் கம்மியிருந்தது. அந்தக் கம்மல் எனக்குத் தெரியாததா? கூடை கூடையாகக் கூவி முடித்தவன் தொண்டையில்தான் அது வரும். என் இடத்தில் நின்று ஏலம் விட்டுவிட்டு வந்திருக்கிறான். சரி, யாராவது நிற்கத்தானே வேண்டும், வெளி ஆள் நிற்பதற்கு இவன் நிற்கட்டும் என்று அதையும் விழுங்கினேன்.

அப்போது தாழ்வாரத்தில் மாசேரின் செருப்புச் சத்தம் கேட்டது. மச்சானின் விரல் விறுவிறுவென்று என் கழுத்தருகே வந்தது. இடுக்கியைத் தளர்த்தினான். தொண்டையில் கனம் இறங்கியது. மாசேர் வந்து குட்டி பலூனைக் கிள்ளிப் பார்த்து, “பியான், பியான். கன்னமேதான்” என்றார். நல்லது என்பதைப் பிரெஞ்சில் அப்படித்தான் சொல்வார். “மணிக்கு மணி காத்து எறக்கினியா?” என்று கேட்டார். “நீங்க வேற வேலையா இருந்தீங்க மாசேர், நானே சளிய எடுத்துட்டு எறக்கினேன்” என்றான். செருப்புச் சத்தம் தேய்ந்ததும் சிரிஞ்சியை எடுத்து மறுபடி அடித்தான்.

அதுவரைக்கும் அவனுக்குத் தெரியாது என்று நினைத்திருந்தேன். அவனுக்குத் தெரிந்திருந்தது. எது கன்னம், எது நெற்றி என்று மாசேர் அளவுக்குத் தெரிந்திருந்தது. மெத்தென்று வைத்தால் கூடவே உட்கார்ந்து காதை வைத்துக் கேட்க வேண்டும். கல்லாக அடித்தால் ஒழுகாது, யாரும் அவனைத் தேட மாட்டார்கள், கரைக்குப் போய்வரலாம். அவ்வளவுதான் கணக்கு.

பிறகு மருந்தைக் குறைத்தார்கள். கண் திறந்தது, விரல் லேசாக அசைந்தது. மாசேர் வந்தபோது பலூனைப் பார்த்தேன், அவர் முகத்தைப் பார்த்தேன், திரும்பப் பலூனைப் பார்த்தேன். அதற்கு மேல் என்னிடம் பாஷை இல்லை.

“என்னமோ சொல்ல வர்றாரே?” என்று குனிந்தார் மாசேர்.

மச்சான் என் நெற்றியைத் தடவினான். “வலி தாங்கல மாசேர், அதான் அப்படி முழிக்கிறாரு. பாவம் மாமா. தூங்குறதுக்கு ஒரு ஊசி போட்டு வுடுங்க.”

ஊசி போட்டார்கள்.

குழாயை எடுத்து, கழுத்துத் துளை மூடியபோது டாக்டர் என்னைப் பேசச் சொன்னார். குரல் வந்தது. என் வீட்டுக்காரி அங்கேயே கும்பிட்டாள். ஆனால் நாலு வார்த்தைக்கு ஒரு தரம் மூச்சு விசிலடித்தது. மூச்சுக்குழாயில் பலூன் உட்கார்ந்த இடம் புண்ணாகி, ஆறும்போது சுருங்கிவிட்டது என்று டாக்டர் சொன்னார். “மெதுவா எப்பவும் போல பேசலாம். கூவ முடியாது” என்றார். பலூனை யார் இவ்வளவு இறுக்கி ஊதியது என்று அவர் மாசேரிடம் கேட்டபோது, அந்த அம்மா முகம் வெளுத்துப் போனது. “நான் கிள்ளிப் பாத்தப்பல்லாம் சரியா இருந்துச்சு டாக்டர்” என்றார். அவர் சொன்னது உண்மை. மச்சான் கையைக் கட்டிக்கொண்டு பக்கத்திலேயே நின்றான்.

வீட்டுக்கு வந்து என் வீட்டுக்காரியிடம் எல்லாம் சொன்னேன். விசிலடித்து விசிலடித்துச் சொல்லி முடிக்கப் பாதிச் சமையல் நேரம் ஆயிற்று. அவள் கிளறிக்கொண்டிருந்த கரண்டியை நிறுத்தவில்லை.

“மருந்துல கெடந்த. கனவு கண்டிருப்ப.”

“கனவுலயா எனக்குத் தொண்டை சுருங்குச்சு?”

விறகை உள்ளே தள்ளினாள். அப்புறம் அடுப்பைப் பார்த்தபடியே சொன்னாள்: “நீ படுத்துக் கெடந்தப்ப இந்த அடுப்பு எதுல எரிஞ்சுதுன்னு நெனைக்கிற? அவன் கரைக்குப் போனதாலதான் எரிஞ்சுது. போறான்னு எனக்குத் தெரியும். நான்தான் போன்னு சொன்னேன். தொண்டைய இப்படிப் பண்ணுவான்னு நான் கண்டனா?”

அவளுக்கும் தெரிந்திருக்கிறது. முழுசாக இல்லை, பாதிதான். ஆனால் அந்தப் பாதியை ஆஸ்பத்திரியில் என் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்த அத்தனை நாளும் என்னிடம் சொல்லவில்லை. அன்றைக்கு மத்தியானம் மச்சான் சாப்பிட வந்தான். அவள் எனக்கும் அவனுக்கும் ஒரே மாதிரி இலை போட்டாள்.

மறுநாள் விடிந்ததும் நான் கரைக்குப் போனேன். என் இடத்தை அவனிடமிருந்து திரும்ப வாங்கலாம் என்று போகவில்லை. கூவ முடியாதவனுக்கு அந்த இடம் எதற்கு? தப்பு நடந்துபோச்சு மாமா என்று ஒரு வார்த்தை அவன் வாயிலிருந்து வந்தால் போதும், மிச்ச ஆயுளை அந்த ஒரு வார்த்தையோடு ஓட்டிவிடலாம் என்று இருந்தது. கூட்டத்தை விலக்கிக்கொண்டு போய் அவன் எதிரில் நின்றேன். என்னைப் பார்த்ததும் கூவுவதை நிறுத்தினான்.

“மாசேர் செருப்புச் சத்தம் கேட்டா மட்டும்... எதுக்குடா மச்சான் காத்த எறக்கின?” என்று கேட்டேன்.

அலையில் அது அவனுக்கு எட்டவில்லை. பக்கத்தில் நின்ற மீன்காரி ஒருத்தி, “நர்சம்மா வந்தா மட்டும் ஏன் காத்த எறக்கினன்னு கேக்குறாரு, சொல்லேன்!” என்று என் கேள்வியை உரக்க எடுத்துக் கொடுத்தாள். அப்போதுதான் அவன் அந்தப் பதிலைச் சொன்னான். உயிரோடுதானே வந்தாய், பலூனைப் பற்றி இன்னும் என்ன பேச்சு, இது ஏலம் நடக்கிற இடம் என்று.

சொல்லிவிட்டு என் கழுத்துத் தழும்பை ஒரு தரம் பார்த்தான். பிறகு குனிந்தான். முதல் கூடையிலிருந்து கொஞ்சம் மீனை ஒதுக்கி, இனிக் கடலுக்குப் போக முடியாதவர்களுக்கும் ஆளில்லாத பெண்களுக்கும் ஏலக்காரன் தன் கையால் கொடுப்பது எங்கள் கரை வழக்கம். அவன் இரண்டு கை நிறையச் சூடையை அள்ளினான். பக்கத்துப் பெண்ணிடம் என் தோள் துண்டை உருவி விரிக்கச் சொல்லி, அதில் போட்டு முடிந்து, என் கையில் கொடுத்துவிட்டு, அடுத்த கூடையைக் காலால் தன் பக்கம் இழுத்துக் கூவ ஆரம்பித்தான்.